ஏக்கர் கணக்கில் அடங்காத நிலம்

ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் பக்கம் இன்னைக்கு ஒரு நிலம் கைமாறுதுன்னா, கேக்குற கேள்விகள் நாலைஞ்சுதான். எத்தனை சென்ட்? ரோட்டு முகப்பு எவ்வளவு? கைடுலைன் மதிப்பு என்ன? பட்டா யார் பேர்ல இருக்கு? வில்லங்கம் ஏதும் உண்டா? இவை எல்லாமே நிலத்தின் நீள அகலத்தைப் பற்றிய கேள்விகள். ஆழத்தைப் பற்றி யாரும் வாயைத் திறப்பதில்லை. போர் போட்டால் எத்தனை அடியில் தண்ணீர் வரும் என்பதோடு அந்தப் பேச்சு முடிந்துவிடும்.

ஆனால் உழவு என்பதே ஆழம் பற்றிய தொழில். வேர் போகும் ஆழம், ஈரம் நிற்கும் ஆழம், மண்புழு இறங்கும் ஆழம் என்று மேலிருந்து கீழாகவே நாம் நிலத்தைப் பார்க்கிறோம். அப்படிப் பார்க்கத் தெரிந்தவர்கள் இன்னும் கொஞ்சம் கீழே எட்டிப் பார்க்க வேண்டும் என்பதற்காகத்தான் இந்தக் கட்டுரை. பிள்ளைப்பாக்கம் உள்ளிட்ட இந்த வட்டாரத்து மண்ணுக்கு அடியில் ஒரு பாறை அடுக்கு கிடக்கிறது. நிலவியல் நூல்களில் அதற்கு நம்ம ஊர்ப் பெயரையே வைத்திருக்கிறார்கள்: ‘ஸ்ரீபெரும்புதூர் படிவம்’. டைனோசர்கள் நடமாடிய காலத்துப் பாறை அது. செல்போனுக்கும் காருக்கும் பெயர் வாங்குவதற்கு நூறு வருடத்துக்கு முன்பே, கல்லாகிப்போன இலைகளுக்காக ஸ்ரீபெரும்புதூர் என்ற பெயர் வெளிநாட்டு ஆய்வாளர்கள் மேசைக்குப் போய்விட்டது. இது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்?

இலை சொல்லும் கதை

1863இல் பல்லாவரத்தில் பழங்கற்காலக் கல்லாயுதத்தைக் கண்டெடுத்த இராபர்ட் புரூஸ் ஃபுட்டை நம்மில் பலர் கேள்விப்பட்டிருப்போம். இந்திய நிலவியல் ஆய்வுத் துறையில் வேலை பார்த்தவர். பாலாற்றுக்கு வடக்கே உள்ள பகுதிகளை ஊர் ஊராகச் சுற்றிப் பார்த்து, இங்குள்ள பாறைகளைப் பற்றி 1873இல் விரிவான அறிக்கை வெளியிட்டார். ஸ்ரீபெரும்புதூர் பாறை அடுக்குகளை அதில் விவரித்தார். 1879இல் ஒட்டோகர் ஃபைஸ்ட்மாண்டல் என்ற தாவரப் புதைபடிவ ஆய்வாளர், சென்னைக் கடற்கரைப் பகுதியின் கல்லான செடிகொடிகளைப் பற்றிப் படங்களோடு ஒரு நூல் எழுதினார். நம் வட்டாரத்து இலைகள் அப்படித்தான் அச்சில் ஏறின.

பாறை என்றதும் கருங்கல்லை நினைக்க வேண்டாம். பரங்கிமலை, பல்லாவரம் பக்கத்துக் கருங்கல் சுமார் 250 கோடி ஆண்டு பழையது, உளிக்கு அசையாதது. இது அப்படியல்ல. பெரும்பாலும் களிப்பாறையும் மணற்பாறையும்தான். சேறும் மணலும் அடுக்கடுக்காகப் படிந்து, மேலிருந்த பாரத்தில் இறுகியது. கையால் பிளந்தால் ஏடு ஏடாகப் பிரியும் இடமும் உண்டு. அந்த ஏடுகளுக்கு நடுவில்தான் இலைத்தடங்கள் கிடைத்தன.

என்ன இலைகள்? அதிகம் பேசப்படுவது டிலோஃபில்லம் என்ற செடி. பார்வைக்கு, நர்சரிகளில் விற்கிறார்களே சைக்கஸ், அந்த ஓலை மாதிரி இருக்கும். ஆனால் குலம் வேறு, அது இன்று உலகில் எங்கும் இல்லை. அதோடு ஊசியிலை மரங்களின் கிளைகள், பெரணி இலைகள். அதே பாறை அடுக்குகளில் கடல்வாழ் உயிர்களின் ஓட்டுத் தடங்களும் உண்டு. நத்தைக்கூடு போலச் சுருண்ட அம்மோனைட் அவற்றில் ஒன்று. இலையும் கடல் ஓடும் ஒரே பாறைத் தொகுதியில் கிடக்கின்றன என்றால் என்ன அர்த்தம்? காடு சூழ்ந்த கரையும், ஆழமில்லாத கடலும், ஆறு கொண்டுவந்து கொட்டிய சேறும் இங்கே சந்தித்திருக்கின்றன.

காலம், ஏறத்தாழ 10 கோடிக்கும் 14 கோடிக்கும் இடைப்பட்ட ஆண்டுகளுக்கு முன். கிரிட்டேசியஸ் என்று சொல்லப்படும் காலத்தின் முற்பகுதி. இந்தியாவும் அண்டார்டிகாவும் ஆஸ்திரேலியாவும் ஒட்டியிருந்த கோண்டுவானா என்ற பெருநிலம் உடைந்து பிரிந்துகொண்டிருந்த நேரம். அந்த உடைப்பில்தான் நம் கிழக்குக் கடற்கரை உருவானது. கோண்டுவானா என்ற பெயரும் நடு இந்தியாவின் கோண்டு பழங்குடி மக்கள் வாழும் நிலத்தின் பெயரிலிருந்து வந்ததுதான்.

ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். இங்கே பேச்சு எலும்பைப் பற்றி அல்ல, இலையைப் பற்றி. ‘டைனோசர்’ என்ற சொல்லைக் கேட்டாலே நமக்கெல்லாம் ஒரு பரபரப்பு. 2020இல் பெரம்பலூர் மாவட்டம் குன்னத்தில் ஏரியில் மண் எடுத்தபோது உருண்டை உருண்டையாகக் கல் கிடைக்க, டைனோசர் முட்டை என்று வாட்ஸ்அப்பில் பறந்தது. அறிந்தவர்கள் வந்து பார்த்துவிட்டு, அவை முட்டை அல்ல, அம்மோனைட் சார்ந்த கடற்படிவுக் கற்கள் என்று சொன்னார்கள். உடனே எல்லோருக்கும் ஆர்வம் வடிந்துவிட்டது. அதுதான் தப்பு. பெரம்பலூரில் கடல் இருந்தது என்பது முட்டையைவிடச் சின்ன செய்தியா என்ன?

மக்கிய இலையும் மக்காத இலையும்

இயற்கை உழவர்களுக்கு இந்த இலைத்தடம் ஒரு பாடம் சொல்கிறது. ஓர் இலை கீழே விழுகிறது. காற்றும் ஈரமும் நுண்ணுயிரும் இருந்தால் அது மக்குகிறது. மக்கி, மட்காகி, மண்ணோடு கலந்து அடுத்த செடிக்குச் சோறாகிறது. அதே இலை காற்றுப் புகாத சேற்றில் சட்டென்று மூடப்பட்டால் மக்குவதில்லை. சேறு கல்லாகும்போது இலையின் நரம்புகூட அழியாமல் அச்சாகப் பதிந்துவிடுகிறது. அன்றைய காட்டில் விழுந்த கோடானு கோடி இலைகளில் ஏதோ சில மட்டும் இப்படித் தப்பின. மற்றவை எல்லாம் மக்கி மண்ணாயின.

மக்கிய இலை நமக்கு உணவு. மக்காத இலை நமக்கு வரலாறு. நிலம் இந்த இரண்டையும் சேர்த்தே வைத்திருக்கிறது. நாம் மேலே உள்ளதை மட்டும் உழுகிறோம்.

மேலே உள்ளதைக்கூட நாம் சரியாகக் கணக்குப் பார்ப்பதில்லை. ஓர் ஏக்கர் நிலத்தில் ஓரடி ஆழத்து மண் ஏறக்குறைய 1,200 கன மீட்டர். எடை 1,500 டன்னுக்கு மேல். பத்து டன் லாரியில் ஏற்றினால் 150 நடை. அந்த மண்ணில் மட்கு ஒரு விழுக்காடுதான் என்று வைத்துக்கொண்டாலும் 15 டன். ஆட்டுக்கிடை போட்டு, தக்கைப்பூண்டு மடக்கி உழுது, மூடாக்குப் போட்டு, தொழுவுரம் சுமந்து ஒரு குடும்பம் தலைமுறை தலைமுறையாகச் சேர்த்த சொத்து அது. ஓர் அங்குல மேல்மண் இயற்கையாக உருவாகப் பல நூறு ஆண்டுகள் ஆகும். கைடுலைன் மதிப்பில் இதற்கு எந்தக் கட்டத்தில் எண் போட்டிருக்கிறார்கள்? எங்கேயும் இல்லை.

அடுத்தது தண்ணீர். பழைய செங்கல்பட்டு மாவட்டத்தை ஏரி மாவட்டம் என்பார்கள். களி நீரைச் சட்டென்று உள்ளே விடாது. கிணறு வெட்டுகிறவருக்கு அது தலைவலி, ஏரி கட்டுகிறவருக்கு அது வரம். பிள்ளைப்பாக்கம் ஏரி, ஸ்ரீபெரும்புதூர் ஏரி, செம்பரம்பாக்கம் ஏரி என்று இந்த வட்டாரம் முழுக்கக் கரை கட்டி நீர் தேக்கிய முன்னோர்களுக்குக் கிரிட்டேசியஸ் என்ற சொல் தெரியாது. ஆனால் எந்தத் தரையில் தண்ணீர் நிற்கும், எதில் நிற்காது என்று தெரிந்திருந்தது. அதனால்தான் ‘வண்டல் எடு, தரையை நோண்டாதே’ என்கிறோம். வண்டல் எடுப்பது ஏரிக்கும் வயலுக்கும் நல்லது. சவுடு என்ற பெயரில் இருபதடி பள்ளம் பறித்து, அந்த மண்ணைக் கொண்டுபோய் இன்னொரு வயலை மேடாக்கக் கொட்டுவது வேறு. அது ஒரே நடையில் ரெண்டு நிலத்தைக் கெடுக்கும் வேலை.

எட்டு வருசமும் பன்னிரண்டு கோடி வருசமும்

ஆலைகளே வேண்டாம் என்று இங்கே யாரும் சொல்லவில்லை. பிள்ளைப்பாக்கம், இருங்காட்டுக்கோட்டை, ஒரகடம் சிப்காட்டுகளில் வேலை பார்ப்பது நம்ம வீட்டுப் பிள்ளைகள்தான். அந்தச் சம்பளத்தில்தான் பல வீடுகளில் கடன் அடைந்தது. விளைச்சலுக்கு விலை கொடுக்காத நாட்டில், நிலத்தை விற்ற உழவரைப் பார்த்து விரல் நீட்ட யாருக்கும் உரிமையில்லை.

கேள்வி வேறு. ஓர் ஆலையின் ஆயுள் எவ்வளவு, நிலத்தின் ஆயுள் எவ்வளவு? ஸ்ரீபெரும்புதூர் நோக்கியா ஆலை 2006 தொடக்கத்தில் உற்பத்தியைத் தொடங்கியது. உலகத்துக்கே போன் செய்து அனுப்பியது. 2014 நவம்பர் 1 அன்று நின்றுபோனது. எட்டே வருசம்! ஆயிரக்கணக்கான இளைஞர்கள் வேலை இழந்தார்கள். சில ஆண்டு கழித்து வேறொரு கம்பெனி அந்த இடத்துக்கு வந்தது என்பது உண்மை. கம்பெனி போகும், வேறு கம்பெனி வரும். ஒரு முறை சுரண்டி எடுத்த மேல்மண்ணும், தூர்ந்த வரத்துக்காலும், காங்கிரீட்டுக்கு அடியில் போன பாறை முகமும் அப்படித் திரும்பி வருமா? எட்டு வருசத் தேவைக்காகப் பன்னிரண்டு கோடி வருசத்து ஏட்டை மூடும்போது, அதில் என்ன எழுதியிருந்தது என்று ஒரு முறை படித்தாவது பார்க்க வேண்டாமா?

‘நாலு இலைத்தடம் சோறு போடுமா?’ என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. பதில் சொல்கிறேன்.

மகாராட்டிரத்தில் பிஸ்துரா என்ற இடத்தில் டைனோசர் சாணம் கல்லாகிக் கிடைத்தது. ஆமாம், சாணம்தான். நம்ம ஆட்களுக்கு அதன் அருமை சொல்லித்தர வேண்டியதில்லை. லக்னோவில் உள்ள பீர்பால் சாகினி நிறுவனத்தின் ஆய்வாளர்கள் வெளிநாட்டு அறிஞர்களோடு சேர்ந்து அதை ஆராய்ந்தார்கள். புல்லின் இலையில் இருக்கும் நுண்ணிய மணல்சத்துத் துகள்கள் அதில் இருந்தன. டைனோசர் காலத்திலேயே புல் இருந்தது என்று 2005இல் உலகுக்குத் தெரிந்தது அதனால்தான். 2011இல் வெளிவந்த அடுத்த ஆய்வு, நெல்லின் குலத்தைச் சேர்ந்த புல்லின் தடயமும் அங்கே இருப்பதாகச் சொன்னது. மாப்பிள்ளைச் சம்பாவையும் காட்டுயானத்தையும் மீட்டெடுத்து வைத்திருக்கிறோமே, அவற்றின் மூத்த பாட்டன் கதை ஒரு சாணக்கட்டியில் இருந்திருக்கிறது. அதை யாராவது ஜல்லியோடு ஜல்லியாக நொறுக்கியிருந்தால் அந்தக் கதை அன்றோடு முடிந்திருக்கும்.

இன்னொன்று பக்கத்திலேயே இருக்கிறது. திருவள்ளூர் மாவட்டத்தில் கொசத்தலை ஆற்றுப் பக்கம் அத்திரம்பாக்கம். அங்கேயும் அடியில் இதே காலத்துக் களிப்பாறைதான். அங்கிருந்த ஒரு களிமண் அடுக்கையும் அந்தப் பழைய பாறையின் பகுதி, அதில் மனிதத் தடயம் இருக்காது என்றே நெடுநாள் எண்ணியிருந்தார்கள். சாந்தி பப்பு குழுவினர் 1999 முதல் பொறுமையாகத் தோண்டிப் பார்த்தபோது அந்த அடுக்கிலும் கல்லாயுதங்கள் இருந்தன. அத்திரம்பாக்கத்து ஆயுதங்களில் பழையவை சுமார் 15 லட்சம் ஆண்டு பழமையானவை என்று 2011இல் அறிவித்தார்கள். தென்னாசியாவில் மனித குலம் எப்போது கால்வைத்தது என்ற கணக்கே மாறிப்போனது. அந்த இடத்தில் முன்பே ஒரு குடோன் எழும்பியிருந்தால்?

ஆகவே நிலத்தடி ஏடு நேரடியாகச் சோறு போடாது. ஆனால் நம் நிலம் எது, நாம் யார் என்று சொல்லும். அது தெரிந்த ஊரை ‘தரிசு’ என்றும் ‘பயனற்ற நிலம்’ என்றும் ஒற்றைச் சொல்லில் எழுதிக் கையகப்படுத்த முடியாது. அரிட்டாபட்டி அதைக் காட்டிவிட்டது.

மதுரை மாவட்டம் அரிட்டாபட்டி மக்களுக்குத் தங்கள் மலை எதை வைத்திருக்கிறது என்று தெரியும். சமணர் படுக்கை, தமிழிக் கல்வெட்டு, குடைவரைக் கோயில், சுனைகள், வல்லூறுகள் எல்லாவற்றையும் எழுதி வைத்திருந்தார்கள். 2022 நவம்பரில் அது தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்டது. டங்ஸ்டன் சுரங்கத்துக்கு ஏலம் விட்டபோது ஊர் ஊராகக் கிராம சபையில் தீர்மானம் போட்டார்கள், சட்டமன்றமும் தீர்மானம் போட்டது. 2025 சனவரியில் ஒன்றிய அரசு ஏலத்தை ரத்து செய்தது. போராட்டம்தான் வென்றது. ஆனால் அந்தப் போராட்டத்தின் கையில் தன் நிலத்தைப் பற்றிய அறிவு இருந்தது. பரந்தூர் விமான நிலையத்துக்கு எதிராக ஏகனாபுரம் மக்கள் 2022 முதல் விடாமல் நிற்கிறார்கள். அவர்களுக்கும் ஏரிகளும் ஓடைகளும் பற்றிய ஊர் அறிவுதான் துணை.

என்ன செய்யலாம்?

தமிழ்நாட்டில் தேசிய நிலவியல் நினைவுச் சின்னங்களாகத் திருவக்கரை, சாத்தனூர் கல்மரங்களும் பரங்கிமலைப் பாறையும் காரைப் பகுதியும் இருக்கின்றன. ஸ்ரீபெரும்புதூர் பாறை அந்தப் பட்டியலில் இல்லை. 2022 டிசம்பரில் ஒன்றிய சுரங்க அமைச்சகம் நிலவியல் பாரம்பரிய இடங்களுக்கான சட்ட வரைவு ஒன்றை வெளியிட்டது. அதிகாரம் முழுவதும் ஒரே துறையின் கையில் குவிகிறது என்று ஆய்வாளர்களே குறை சொன்னார்கள். அந்தக் குறை நமக்கும் உண்டு. நிலத்தில் வாழ்கிறவரைக் கேட்காமல் பாதுகாப்பதும் ஒரு வகைக் கையகப்படுத்தல்தான். பாரம்பரியம் என்ற பெயரில் வேலி போட்டு உழவரை வெளியே நிறுத்தும் பாதுகாப்பு வேண்டாம். ஊரே முன்நின்று செய்யட்டும்.

முதலாவது, கிராம சபை. ஆண்டுக்கு ஆறு முறை கூடுகிறது: சனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. இந்த வட்டாரத்தின் ஒவ்வோர் ஊராட்சியும், பாறை வெளியே தெரியும் இடம், பழைய கிணற்று வெட்டு, ஏரி உள்வாய், வரத்துக்கால் ஆகியவற்றைப் பட்டியல் போட்டுத் தீர்மானமாகப் பதிய வேண்டும். எழுதி வைக்காத சொத்துக்கு நாளைக்கு எவரும் சாட்சி சொல்ல மாட்டார்கள்.

இரண்டாவது, மிச்சமிருக்கும் பாறை முகங்களில் ஒன்றையாவது, பெரிதாக வேண்டாம், கால் ஏக்கர் போதும், சிப்காட் தன் பசுமைப் பரப்புக்குள் அப்படியே விட்டுவைக்க வேண்டும். புல்தரை போடுகிற இடத்தில் ஒரு பாறைக்கும் இடம் இருக்கட்டும். பள்ளிப் பிள்ளைகள் வந்து பார்க்கட்டும்.

மூன்றாவது, புதிதாக அஸ்திவாரம் தோண்டும்போது, காங்கிரீட் கொட்டுவதற்கு முன் நிலவியல் படிக்கும் மாணவர்களை உள்ளே விட வேண்டும். சென்னைப் பல்கலைக்கழகமும் மாநிலக் கல்லூரியும் ஒரு பஸ் தூரம்தான். பள்ளம் எப்படியும் தோண்டப்படப் போகிறது. ரெண்டு நாள் பார்க்க விடுவதால் எந்தக் கம்பெனிக்கும் நட்டம் வராது. அனுமதி ஆணையிலேயே இதை ஒரு நிபந்தனையாகச் சேர்க்கலாம்.

நான்காவது, மேல்மண். நிலம் ஆலைக்குப் போவது உறுதியாகிவிட்டால், அந்த ஓரடி மேல்மண்ணை இடிபாட்டோடு கலந்து பள்ளத்தில் தள்ளக் கூடாது. தனியாக எடுத்து, பக்கத்து ஊர் உழவர்களுக்கும் பள்ளித் தோட்டங்களுக்கும் கொடுக்க வேண்டும். 150 லாரி உயிர்மண்ணைச் சவுடாக எண்ணுவதை இந்த வட்டாரம் இனியும் பொறுத்துக்கொள்ளக் கூடாது.

ஐந்தாவது நம் கையிலேயே இருக்கிறது. உங்கள் நிலத்தில் ஓர் ஓரமாக நாலடி குழி வெட்டுங்கள். ஒரு பக்கச் சுவரைக் கத்தியால் செதுக்கி நேராக்குங்கள். கறுத்த மேல்மண் எத்தனை விரல், வேர் எதுவரை, களி எங்கே தொடங்குகிறது, சுண்ணாம்புக் கல் உண்டா என்று நோட்டில் எழுதுங்கள். மூணு வருசம் கழித்து, மூடாக்கும் பசுந்தாளும் போட்ட பிறகு, பக்கத்திலேயே இன்னொரு குழி வெட்டிப் பாருங்கள். உங்கள் உழைப்பு எத்தனை விரல் இறங்கியிருக்கிறது என்று கண்ணாலேயே தெரியும். கிணறு தூர் வாரும்போது ஏடாகப் பிரியும் கல்லில் இலை மாதிரி ஏதாவது தெரிந்தால் பெயர்த்தெடுக்க அவசரப்படாதீர்கள். பக்கத்தில் ஒரு ரூபாய்க் காசை வைத்துப் படம் எடுங்கள், எத்தனை அடியில் இருந்தது என்று குறியுங்கள், பிறகு விவரம் தெரிந்தவர்களைக் கூப்பிடுங்கள். வீட்டுக்குக் கொண்டுவந்து அலமாரியில் வைத்த கல் வெறும் கல். இருந்த இடத்தில் இருக்கும்போதுதான் அது சாட்சி.

நிலத்தை விற்பதா வேண்டாமா என்பது அவரவர் குடும்பத்துக் கஷ்டநஷ்டம். அதில் வெளியாள் புத்தி சொல்ல முடியாது. ஆனால் விற்கிறவரும் சரி, வைத்துக்கொள்கிறவரும் சரி, கையெழுத்துப் போடுமுன் கையில் இருப்பது என்ன என்று தெரிந்துகொள்ள வேண்டும். பத்திரத்தில் நான்கு எல்லை எழுதுகிறார்கள்: கிழக்கே இன்னார் நிலம், மேற்கே இன்னார் நிலம் என்று. கீழே யார் என்று எழுதுவதில்லை. பிள்ளைப்பாக்கத்தில் கீழே இருப்பது ஒரு பழைய கடலின் கரை. அதையும் நம் ஊர் ஆவணத்தில் சேர்த்து எழுதுவோம்.